கோபுரமும் மாஸ்ட்டும் பிறகு. முதலில் மின்மாற்றி டேங்க் வெல்டிங்

கேள்வி: திருச்சி துவாக்குடியில் 22 ஆண்டுகளாக ஃபேப்ரிகேஷன் யூனிட் நடத்துகிறோம். அனல்மின் நிலையக் கொதிகலனுக்கான டக்ட் (காற்றும் புகையும் போகும் பெட்டிக் குழாய்), பங்கர் (நிலக்கரித் தொட்டி), தாங்கு கட்டுமானங்கள்தான் வேலை. பிளேட்டை வாடிக்கையாளரே கொடுத்துவிடுவார். எங்களுக்கு டன் கணக்கில் கூலி. மொத்தம் 65 பேர், அதில் 28 பேர் வெல்டர்கள். மாதம் 200 டன் செய்ய முடியும். இப்போது 110 டன்தான் ஓடுகிறது. ஆண்டு விற்பனை 5 கோடி ரூபாய். அதில் 90 சதவீதம் ஒரே இடத்திலிருந்து வருகிறது. உயர் அழுத்த மின்கோபுரமும் ரயில்வே மின்மயமாக்கலுக்கான மாஸ்ட்டும் (பாதையோரத்தில் மின்கம்பியைத் தாங்கும் தூண்) செய்யலாம் என்று 12 கோடிக்குத் திட்டம் போட்டிருக்கிறோம். ஆங்கிள் (எல் வடிவ இரும்பு) பஞ்ச் பண்ணும் சிஎன்சி (கணினி இயக்கும்) லைன், 10.5 மீட்டர் ஜிங்க் பாத் (உருகிய துத்தநாகத் தொட்டி) இரண்டும் அதில் அடக்கம். நிலத்தை ஈடு வைத்தால் 8 கோடி தர வங்கி தயார். என் மகன், முதலில் ஆர்டிஎஸ்ஓ (லக்னோவில் உள்ள ரயில்வே ஆராய்ச்சி, தர நிர்ணய அமைப்பு) அப்ரூவல் வாங்குவோம் என்கிறான். எதை முதலில் செய்வது?

பெயர் வெளியிட விரும்பாத வாசகர், திருச்சி

பதில்: அன்புள்ள ஐயா, இந்த 12 கோடித் திட்டத்தில் இப்போது கையெழுத்துப் போடாதீர்கள். மின்துறையிலும் ரயில்வேயிலும் வேலை இருக்கிறது, நிறையவே இருக்கிறது. ஆனால் நீங்கள் தேர்ந்தெடுத்த இரண்டு பொருளிலும் உங்கள் பட்டறையின் பலம் வீணாகிவிடும். உங்கள் சொத்து அந்த 28 வெல்டர்கள். லேட்டிஸ் கோபுரத்தில் வெல்டிங் என்பது அநேகமாகக் கிடையாது. ஆங்கிளை அளவுக்கு வெட்டி, நம்பர் அடித்து, ஓட்டை போட்டு, ஜிங்க்கில் முக்கி, கட்டுக்கட்டாகக் கட்டி அனுப்புவதுதான் அந்தத் தொழில். சைட்டில் போல்ட் போட்டுப் பூட்டிக்கொள்வார்கள். 16 மி.மீ. போல்ட்டுக்கு 17.5 மி.மீ. ஓட்டை, 12 மி.மீ. கனம் வரை பஞ்ச், அதற்கு மேல் டிரில். இதை யார் வேகமாக, குறைந்த கழிவோடு செய்கிறார்களோ அவர்களுக்குத்தான் லாபம். மாதம் ஆயிரக்கணக்கான டன் ஓட்டும் பெரிய ஆலைகளோடு 200 டன் வைத்துக்கொண்டு கிலோ விலையில் மோதுவது நடக்காது. போதாததற்கு, பெரிய டெண்டர்களில் இத்தனை ஆயிரம் டன் ஏற்கெனவே சப்ளை செய்திருக்க வேண்டும் என்ற தகுதி விதி இருக்கும். அதனால் முதல் சில வருடம் நீங்கள் கோபுரக் கம்பெனிகளுக்குக் கூலி வேலைதான் செய்ய முடியும். இன்று இருக்கும் நிலைமையிலிருந்து வெளியே வரத்தானே இந்தத் திட்டமே?

மாஸ்ட் விஷயத்தில் காலமும் தாண்டிவிட்டது. 2014 வரை இந்திய ரயில்வேயில் மின்மயமான பாதை 21,801 கி.மீ. அதற்குப் பிறகு 46,000 கி.மீ.க்கு மேல் முடித்து, அகலப் பாதையில் கிட்டத்தட்ட 99 சதவீதத்தைத் தொட்டுவிட்டார்கள். அந்த அலையில் மாஸ்ட், சிறு உதிரி ஸ்டீல், கேன்டிலீவர் பாகங்கள் செய்யப் பலர் அனுமதி வாங்கி உள்ளே வந்தார்கள். இப்போது மிச்சம் இருப்பது இரட்டைப் பாதை, மூன்றாவது பாதை, யார்டு மாற்றம், பழைய பாதைகளின் பராமரிப்பு ஆகியவைதான். வேலை தொடர்ந்து வரும். ஆனால் அந்தக் காலத்துக்காக விரித்த கொள்ளளவு எல்லாம் அதே டெண்டருக்குத்தான் வந்து நிற்கும். புதிதாக நுழைகிறவருக்கு இதைவிடக் கெட்ட நேரம் இல்லை.

ஜிங்க் பாத்தைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். திட்ட அறிக்கைகளில் அதிகம் மறைந்து கிடப்பது அதுதான். ஓஎச்இ (ரயில் பாதையின் மேல்நிலை மின்கம்பி) மாஸ்ட்டின் வழக்கமான நீளம் 9.5 மீட்டர். ஒரே முக்கில் முடிக்க 10.5 மீட்டர் கெட்டில் (ஜிங்க் தொட்டி) வேண்டும் என்று நீங்கள் போட்டது சரியான கணக்குதான். குட்டைக் கெட்டிலில் இரண்டு பக்கமாக முக்கினால் நடுவில் பூச்சு ஒன்றன்மேல் ஒன்று ஏறி, இன்ஸ்பெக்‌ஷனில் தகராறு வரும். ஆனால் 10.5 மீட்டர் நீளம், 1.2 மீட்டர் அகலம், 1.8 மீட்டர் ஆழம் என்றால் சுமார் 22.7 கன மீட்டர். உருகிய துத்தநாகம் ஒரு கன மீட்டருக்கு ஏறத்தாழ 6.6 டன். ஆக, முதல் உருப்படியை முக்குவதற்கு முன்பே 150 டன் துத்தநாகம் உள்ளே கிடக்க வேண்டும். டன் 2.7 லட்சம் என்று வைத்தால் அது மட்டும் 4 கோடி. உங்கள் 12 கோடியில் இது சேர்ந்திருக்கிறதா என்று ஆடிட்டரிடம் கேளுங்கள். பல அறிக்கைகளில் இதை நடைமுறை மூலதனம் என்று ஓரமாகத் தள்ளியிருப்பார்கள்.

பாத்தை மூட்டிவிட்டால் அணைக்க முடியாது. வேலை இருந்தாலும் இல்லாவிட்டாலும் இரவு பகலாக 450 டிகிரியில் இருக்க வேண்டும். உறைய விட்டு மறுபடி உருக்கினால் கெட்டிலுக்கே ஆபத்து. பர்னர் சரியாக அமையாமல் கெட்டில் சுவர் ஒரு இடத்தில் 490 டிகிரியைத் தாண்டினால் துத்தநாகம் அங்கே இரும்பை வேகமாகத் தின்று ஓட்டை போட்டுவிடும். மாதம் 200 டன் என்பது இந்த அளவு கெட்டிலுக்குச் சில நாள் வேலை. மீதி நாளெல்லாம் எரிபொருள் சும்மா எரியும். பூச்சுக் கனத்திலும் காசு போகும். ஐஎஸ் 4759 படி 5 மி.மீ.க்கு மேற்பட்ட உருப்படிக்குச் சதுர மீட்டருக்கு 610 கிராம், அதாவது சுமார் 86 மைக்ரான். கை நிதானம் இல்லாமல் 10 மைக்ரான் கூடுதலாக ஏறினால் 6 மி.மீ. கனமுள்ள ஸ்டீலில் டன்னுக்கு 3 கிலோ துத்தநாகம் கூடுதல். அதே டன் 2.7 லட்சம் விலையில் 800 ரூபாய்க்கு மேல். கோபுரத் தொழிலில் டன்னுக்கு நிற்கும் லாபத்தில் இது பெரிய தொகை. இவற்றோடு அமிலக் கழிவும் இருக்கிறது. கால்வனைசிங் (ஜிங்க் பூச்சு) சிவப்பு வகைத் தொழில், அதாவது மாசு அதிகம் என்று வகைப்படுத்தியது. உங்கள் நிலம் காவிரியிலிருந்து எவ்வளவு தூரம் என்பதைச் சர்வே எண்ணோடு மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தில் கேட்காமல் ஒரு ரூபாய்கூட முன்பணம் கொடுக்காதீர்கள். ஆற்றிலிருந்து உள்ள தூரத்தை வைத்து நம் மாநிலத்தில் தனி அரசாணைகளே இருக்கின்றன.

கடன் கணக்கு எளிது. 8 கோடிக்குப் பத்தரை சதவீதம் என்றால் முதல் வருட வட்டி 84 லட்சம். ஏழு வருடத் தவணை என்றால் அசல் 1.14 கோடி. மொத்தம் கிட்டத்தட்ட 2 கோடி. உங்கள் மொத்த விற்பனையே 5 கோடி.

சரி, வேலை எங்கே இருக்கிறது? 2024 அக்டோபரில் வெளியான தேசிய மின் திட்டத்தின் தொடரமைப்பு (மின்சாரத்தைக் கடத்தும் லைன், துணைமின் நிலையம்) பகுதியைப் பாருங்கள். 2022-23 முதல் 2031-32 வரை 1.91 லட்சம் சர்க்யூட் கி.மீ. லைன், 1,270 ஜிவிஏ மின்மாற்றித் திறன், மதிப்பு 9.15 லட்சம் கோடி ரூபாய். எல்லோரும் லைன் நீளத்தைப் பார்த்துவிட்டுக் கோபுரத்துக்கு ஓடுகிறார்கள். நீங்கள் அந்த இரண்டாவது எண்ணைப் பாருங்கள். 1,270 ஜிவிஏ என்றால் 12.7 லட்சம் எம்விஏ. அந்த மின்மாற்றிகள் அத்தனையும் ஏதாவது ஓர் எண்ணெய் டேங்க்குக்குள்தான் உட்கார வேண்டும். மின்மாற்றியின் உட்கருவுக்கான கோர் ஸ்டீல் பெரும்பாலும் இறக்குமதி. புஷிங்குக்கு (மின்கம்பி டேங்க்குக்குள் நுழையும் இடத்து இன்சுலேட்டர்) எங்கும் காத்திருப்பு. டேங்க் ஒன்றுதான் பக்கத்து ஊர் பட்டறையில் செய்யக்கூடிய பெரிய பாகம். அதைச் செய்ய வேண்டியது பிளேட்டும் நல்ல வெல்டரும். இரண்டிலும் உங்களுக்கு 22 வருடப் பழக்கம் இருக்கிறது.

ரயில்வேயும் இதே கதவு வழியாகவே உங்களுக்குத் திறக்கும். 25 கிலோவோல்ட் அமைப்பில் உள்ள முக்கியத் தடங்களை, அதிகச் சரக்கும் அதிக வேகமும் தாங்க, 2x25 கிலோவோல்ட்டுக்கு மாற்றி வருகிறார்கள். சரக்கு வழித்தடங்கள் ஏற்கெனவே அந்த முறைதான். இதில் டிராக்‌ஷன் சப்ஸ்டேஷனில் (ரயிலுக்கு மின்சாரம் தரும் துணைமின் நிலையம்) பெரிய மின்மாற்றியும், வழியில் சுமார் 10 முதல் 15 கி.மீ.க்கு ஒரு இடத்தில் 54/27 கிலோவோல்ட் ஆட்டோ டிரான்ஸ்ஃபார்மரும் வரும். பழைய முறையின் வழக்கமான 21.6 எம்விஏ, 132/27 கிலோவோல்ட் டிராக்‌ஷன் மின்மாற்றியும் மாற்று உருப்படியாகத் தேவைப்பட்டுக்கொண்டே இருக்கும். டேங்க் செய்பவர் ஆர்டிஎஸ்ஓவில் தனியாகப் பதிய வேண்டியதில்லை. மின்மாற்றிக் கம்பெனி தன் தர உறுதித் திட்டத்தில் உங்களைத் துணை சப்ளையராகக் காட்ட வேண்டும். அவர்கள் வந்து ஆடிட் செய்வார்கள், ஒரு மாதிரி டேங்க் கேட்பார்கள். லக்னோவுக்குப் போகும் வழியைவிட இது குறுகிய வழி.

டேங்க் வேலை டக்ட் வேலை மாதிரி இருக்காது என்பதை மட்டும் ஆரம்பத்திலேயே ஆட்களிடம் சொல்லிவிடுங்கள். டக்ட்டில் ஊசி ஓட்டை அளவு கசிந்தால் யாருக்கும் தெரியாது. டேங்க்கில் சூடான எண்ணெய் அந்த ஓட்டையைக் கண்டுபிடித்துவிடும், அதுவும் இரண்டு வருடம் கழித்து. கசிவு பெரும்பாலும் நீளமான தையலில் வராது. மூலையில் ராடு நிறுத்தித் தொடங்கிய இடத்தில், அல்லது ஸ்டிஃப்னர் (சுவர் வளையாமல் தாங்கும் பட்டை) ஒரு வெல்டைக் கடந்து போகும் இடத்தில்தான் வரும். சிஓ2 (கார்பன் டை ஆக்சைடு வாயு) வெல்டிங் நடக்கும்போது பக்கத்தில் பெடஸ்டல் ஃபேன் ஓடினால் வாயுத் திரை கலைந்து உள்ளே குமிழி நிற்கும். மே மாதத்தில் திருச்சி வெயிலுக்கு ஃபேனை நிறுத்தச் சொன்னால் யாரும் கேட்க மாட்டார்கள். அதனால் வெல்டிங் நடக்கும் பகுதியில் காற்றை மேலிருந்து இழுக்கும் எக்ஸாஸ்ட் போட்டுக் கொடுங்கள். டேங்க்கைச் சுற்றிவரும் எல்லாத் தையலுக்கும் டை பெனிட்ரன்ட் (சாயம் தடவி விரிசல் பார்க்கும்) சோதனை. தூக்கும் லக் (கொக்கி மாட்டும் காது), ஜாக் பேட் (ஜாக்கி வைக்கும் திண்டு) இரண்டுக்கும் மறக்காமல் தனிச் சோதனை. எண்ணெய் ஊறிய பிறகு கசிவை மேலே வெல்ட் அடித்து மூட முடியாது. கீறி எடுத்து, துடைத்து, புதிதாக நிரப்ப வேண்டும். அந்தச் செலவு முழுக்க உங்கள் தலையில் விழும்.

சோதனைகளில் இரண்டு முக்கியம். கசிவுச் சோதனைக்கு, எண்ணெயின் இயல்பு அழுத்தத்துக்கு மேல் 35 கிலோ பாஸ்கல் ஏற்றி, காற்று என்றால் 1 மணி நேரம், எண்ணெய் என்றால் 12 மணி நேரம் வைப்பது வழக்கம். வெற்றிடச் சோதனையில் டேங்க் சுவர் உள்ளே உறிஞ்சப்பட்டு, விட்டதும் எவ்வளவு நிரந்தரமாக வளைந்து நிற்கிறது என்று அளப்பார்கள். சிபிஐபி (மத்திய நீர்ப்பாசன, மின்சார வாரியம்) கையேட்டின் கணக்கில், தட்டைப் பகுதியின் கிடைமட்ட நீளம் 750 மி.மீ. வரை இருந்தால் 5 மி.மீ., 3,000க்கு மேல் போனால் 19 மி.மீ. வரை அனுமதி. இதில் தோற்கிற டேங்க்கில் பிளேட் கனத்தில் குறை இருப்பது அபூர்வம். ஸ்டிஃப்னரை டிராயிங்கில் சொன்ன இடைவெளியில் வைக்காமல் வசதிக்கு நகர்த்தியிருப்பார்கள், அல்லது ஒரு பக்கம் மட்டும் வெல்ட் போட்டிருப்பார்கள்.

மேல் விளிம்பு ஃபிளேஞ்ச்தான் (மூடியை போல்ட் போட்டுப் பூட்டும் பட்டை) புதியவர்களைத் தோற்கடிக்கும் இடம். ஒரு முனையில் தொடங்கி மறுமுனை வரை ஒரே ஓட்டமாக வெல்ட் போட்டால் சூட்டில் ஃபிளேஞ்ச் அலை அலையாகிவிடும். கேஸ்கட் சமமாக உட்காராது, மூடியின் போல்ட் ஓட்டை நேராக வராது. எதிரெதிர்ப் பக்கங்களில் மாறி மாறி, சிறு துண்டுகளாக, பின்னோக்கி வெல்ட் போட வேண்டும். மூடியை ஃபிக்ஸ்சரில் பூட்டிய நிலையில் ஃபிளேஞ்ச்சை வெல்ட் செய்வது இன்னும் பத்திரம். அதிக மின்னோட்டம் போகும் புஷிங்கைச் சுற்றி, பிளேட் சூடேறாமல் இருக்க, துருப்பிடிக்காத ஸ்டீல் துண்டு வைப்பார்கள். அதைச் சாதாரண ஸ்டீலோடு இணைக்க 309எல் ராடுதான். சாதாரண ராடு போட்டால் வெல்டில் விரிசல் வரும். இந்த ஒரு தவறுக்காகவே ஸ்டோரில் அந்த ராடைத் தனி நிற அலமாரியில் வைத்து, கையெழுத்து வாங்கிக் கொடுங்கள்.

உட்புறம் தெறித்த வெல்டிங் முத்து ஒன்றுகூட இருக்கக்கூடாது. எண்ணெயில் உதிரும் இரும்புத் துகள் மின்மாற்றியையே எரித்துவிடும். பிளாஸ்டிங் (துகளை வீசித் துருவை நீக்குவது) எஸ்ஏ 2.5 என்ற சுத்தத் தரத்துக்கு முடிந்த பிறகு 4 மணி நேரத்துக்குள் பிரைமர் ஏற வேண்டும். இரவு பிளாஸ்ட் செய்து காலையில் பெயின்ட் அடிப்பது வேண்டாம். கண்ணுக்குத் தெரியாத துரு மேல் அடித்த பெயின்ட் ஒரு மழைக்காலம்கூடத் தாங்காது.

கிரேன், பிளேட் கட்டிங் எல்லாம் உங்களிடம் இருக்கிறது என்ற அனுமானத்தில், வேக்குவம் பம்ப், மூடிய பிளாஸ்டிங் அறை, பெயின்ட் பூத், ஃபிக்ஸ்சர்கள், பிளேட்டை வளைக்கும் நல்ல பிரஸ் பிரேக் ஒன்று, இவ்வளவும் சேர்த்து ஒன்றரை முதல் 2 கோடிக்குள் அடங்கும். வாங்குவதற்கு முன் கிரேன் ஹூக் உயரத்தை அளந்துகொள்ளுங்கள். டேங்க்கைத் திருப்பிப் போட இடம் இல்லாமல் ஷெட் கூரையை உயர்த்த நேர்ந்தால் கணக்கே மாறிவிடும். வாடிக்கையாளரைத் தென்னிந்தியாவுக்குள் தேடுங்கள். டேங்க் என்பது பெரும்பகுதி காற்று. மின்மாற்றி ஆலைகள் அதிகம் இருக்கும் குஜராத்துக்கு அதை லாரியில் ஏற்றி அனுப்பினால் வாடகை லாபத்தைத் தின்றுவிடும். முதலில் நடுத்தர அளவு டேங்க், பிறகு பெரியது. தொடக்கத்திலேயே 400 கிலோவோல்ட் டேங்க்குக்கு ஆசைப்பட வேண்டாம்.

இரண்டாவது வரிசையில் சப்ஸ்டேஷன் கட்டுமானம் வரட்டும்: கேன்ட்ரி (மின்கம்பிகளைத் தாங்கும் சட்டம்), கருவிகளைத் தாங்கும் குழாய்த் தூண்கள். சின்னச் சின்ன லாட், நிறைய டிராயிங் என்பதால் பெரிய கோபுர ஆலைகளுக்கு இது தலைவலி; உங்களுக்கு இது வாய்ப்பு. பேஸ் பிளேட் வெல்டிங் இருக்கிறது. ஜிங்க் பூச்சை வெளியே கூலிக்குக் கொடுங்கள். கொதிகலன் வேலைக்குப் பெயின்ட் மட்டுமே அடித்துப் பழகியவர்கள் இங்கே செய்யும் தவறுகள் எல்லா இடத்திலும் ஒரே மாதிரிதான். மூடிய குழாயில் காற்று ஓட்டை விடாமல் அனுப்பினால் 450 டிகிரியில் உள்ளே அடைபட்ட ஈரம் ஆவியாகி வெடிக்கும். ஆள் உயிரே போகும். இரண்டு முனையிலும், எதிரெதிர் மூலையில் ஓட்டை இருக்க வேண்டும். ஸ்லாக்கை (வெல்டிங் கசடு) சுத்தமாகத் தட்டாவிட்டால் அந்த இடத்தில் துத்தநாகம் ஒட்டாது, கறுப்புப் புள்ளியாக நிற்கும். ஒன்றன்மேல் ஒன்று வைத்து ஓரம் முழுக்க மூடாமல் வெல்ட் செய்த பிளேட்டுக்குள் அமிலம் புகுந்து, பூச்சு முடிந்து மாதக்கணக்கில் பழுப்பு நீர் வடியும். பிளேட், ஆங்கிள் வாங்கும்போது மில் சர்டிஃபிகேட்டில் சிலிக்கான் அளவைப் பாருங்கள். 0.04 முதல் 0.14 சதவீதத்துக்குள் மாட்டினால் பூச்சு தடித்துச் சாம்பல் நிறமாகும், உதிரவும் செய்யும். கால்வனைசிங்காரர் மேல் கோபப்பட்டுப் பயனில்லை.

இனி உங்கள் மகன் சொன்னது. ஆர்டிஎஸ்ஓ அனுமதி வேண்டும் என்பது சரி. எந்தப் பொருளுக்கு என்பதை முடிவு செய்யாமல் விண்ணப்பிப்பதுதான் தவறு. அனுமதி நிறுவனத்துக்குப் பொதுவாகக் கிடைப்பதில்லை. ஒவ்வொரு பொருளுக்கும், அதன் தனி விவரக்குறிப்புக்கும் கிடைக்கிறது. யுவாம் என்ற ரயில்வே சப்ளையர் அனுமதித் தளத்தில் பதிந்து, அந்தப் பொருளுக்கான தொழில்நுட்பத் தேவைப் பட்டியலுக்கு வரிக்கு வரி பதில் எழுதி, ஐஎஸ்ஓ 9001, இயந்திரப் பட்டியல், தர உறுதித் திட்டம் எல்லாம் ஏற்ற வேண்டும். பிறகு ஆலை ஆய்வு, மாதிரி, வகைச் சோதனை. அதன் பிறகும் முதலில் வளர்நிலை சப்ளையர் என்ற தகுதிதான்; ஒரு டெண்டரில் சிறு பங்குதான் கிடைக்கும். சப்ளை செய்து, பாதையில் நன்றாக ஓடிய பிறகே முழுத் தகுதி. இரண்டு வருடமாவது ஆகும் என்று வைத்துக்கொள்ளுங்கள். விண்ணப்பம் திரும்பி வருவதற்கு வழக்கமான காரணங்கள்: வேறொருவரின் தர உறுதித் திட்டத்தை நகலெடுத்தது, அளவுக் கருவிகளுக்கு நாள் கடந்த கேலிபரேஷன், சொந்தமாக இருக்க வேண்டிய சோதனைக் கருவி இல்லாதது.

உங்களுக்கு ஏற்ற ரயில்வே பொருள் என்று என்னைக் கேட்டால், போகி ஃபிரேம் (பெட்டிக்கு அடியில் சக்கரங்களைத் தாங்கும் சட்டம்) மற்றும் கோச்சின் அடிக்கட்டுப் பாகங்கள் என்பேன். பெரம்பூர் இணைப்புப் பெட்டித் தொழிற்சாலை இதே மாநிலத்தில் இருக்கிறது. ஆனால் அது மூன்றாம் வருட வேலை. போகி வெல்டிங்குக்கு ஈஎன் 15085 (ரயில் வாகன வெல்டிங்குக்கான ஐரோப்பியத் தரம்) சான்றிதழில் மிக உயர்ந்த நிலையான சிஎல்1 கேட்பார்கள். உங்கள் வெல்டர்களின் ஐபிஆர் (இந்தியக் கொதிகலன் விதிகள்) தகுதியை அங்கே அப்படியே ஏற்க மாட்டார்கள். ஐஎஸ்ஓ 9606 படி மறுபடி தேர்வு எழுத வேண்டும். முழுநேர வெல்டிங் இன்ஜினியர் ஒருவரைப் பொறுப்பாளராகக் காட்ட வேண்டும். இந்த ஒரு விஷயத்தில் திருச்சிக்கு இணையான ஊர் நாட்டில் குறைவு. வெல்டிங் ஆராய்ச்சி நிலையம் உங்கள் ஊரில். என்ஐடி உங்கள் பேட்டைக்குப் பக்கத்தில். மகனை இப்போதே சர்வதேச வெல்டிங் இன்ஜினியர் தகுதிக்கு அனுப்புங்கள். இந்த வருடம் ஐஎஸ்ஓ 3834 என்ற வெல்டிங் தரச் சான்றிதழ் வாங்குங்கள். அது டேங்க்குக்கும் உதவும், போகிக்கும் அடித்தளம். போகியில் முட்டுக்கட்டை வெல்டிங்கில் வராது. வெல்ட் முடிந்த ஃபிரேமை ஒரே பிடியில் மெஷின் செய்யும் பெரிய சிஎன்சி இயந்திரத்தில்தான் வரும். கடன் வாங்கத்தான் வேண்டும் என்றால் அதற்காக அப்போது வாங்குங்கள்.

பணச் சுழற்சியில் ஒரு எச்சரிக்கை. இதுவரை பிளேட் உங்கள் காசில் வாங்கியதே இல்லை. அதனால் 5 கோடி விற்பனையைச் சின்ன சிசி லிமிட்டில் (வங்கியின் நடைமுறை மூலதனக் கடன் வரம்பு) ஓட்டிவிட்டீர்கள். மாதம் 60 டன் டேங்க்கைச் சொந்த பிளேட்டில் செய்வதாக வைத்துக்கொள்வோம். பிளேட் டன் 60,000, முடித்த டேங்க் டன் 1.15 லட்சம், ஒரு மாத பிளேட் இருப்பு, ஒன்றரை மாதம் தரையில் வேலை, இரண்டு மாதம் பில் நிலுவை. கூட்டிப் பாருங்கள்: 36 லட்சம், சுமார் 77 லட்சம், 1.38 கோடி, மொத்தம் இரண்டரைக் கோடி. இது ஜிஎஸ்டி சேர்க்காமல். அதே 60 டன்னை வாடிக்கையாளரின் பிளேட்டில் கூலிக்குச் செய்தால் பில் நிலுவை 66 லட்சம்தான். எனவே முதல் வருடம் பிளேட்டை அவர்களே தரும்படி கேட்டு வாங்குங்கள். அப்போது கழிவுக் கணக்கு கறாராக வரும். 6 சதவீதம் அனுமதித்த இடத்தில் 10 சதவீதம் போனால் மாதம் 2.4 டன், கிட்டத்தட்ட ஒன்றரை லட்சம் பிடித்துவிடுவார்கள். வெட்டும் வரைபடத்தைக் கணினியில் நெஸ்டிங் (கழிவு குறையத் துண்டுகளை நெருக்கி அடுக்குவது) செய்யாமல் டார்ச்சை எடுக்கவே கூடாது. கூலிக்கு வந்த பிளேட் ஒரு வருடத்துக்குள் திரும்பிப் போயாக வேண்டும் என்ற ஜிஎஸ்டி விதியையும் ஸ்டோர் ஆளுக்குச் சொல்லி வையுங்கள்.

ஒப்பந்தத்தில் இரண்டு வரி சண்டை போட்டாவது வாங்குங்கள். ஒன்று, டேங்க் முடிந்து இன்ஸ்பெக்‌ஷனுக்குத் தயார் என்று எழுதிக் கொடுத்து 15 நாளில் அவர்கள் வராவிட்டால் பில் போடும் உரிமை. கோர் ஸ்டீலோ புஷிங்கோ வராமல் மின்மாற்றி தாமதமானால் உங்கள் முடிந்த டேங்க் வெயிலில் கிடக்கும்; பணமும் கிடக்கும். இரண்டு, சொந்த பிளேட்டில் செய்யும்போது விலை மாற்ற விதி, அடிப்படை மாதத்தோடு. தாமத அபராதம் வாரத்துக்கு அரை சதவீதம், உச்சவரம்பு 10 சதவீதம் என்பது பொதுவான வழக்கம். அவர்கள் டிராயிங் தந்த தேதியிலிருந்துதான் நாள் எண்ணப்பட வேண்டும். உதயம் பதிவை (குறு, சிறு நிறுவனங்களுக்கான அரசுப் பதிவு) இற்றைப்படுத்துங்கள். குறு, சிறு நிறுவனத்துக்கு எழுத்து ஒப்பந்தம் இருந்தாலும் 45 நாளுக்கு மேல் பணத்தை நிறுத்தி வைக்கச் சட்டம் அனுமதிக்காது. ஒப்பந்தம் இல்லையென்றால் 15 நாள்தான். புது வாடிக்கையாளர் மேல் யாரும் புகார் கொடுக்கப் போவதில்லை, அது தெரியும். அதனால் டிரெட்ஸ் தளத்தில் (பில்லைக் காட்டி முன்கூட்டியே பணம் பெறும் இணையச் சந்தை) பில்லைத் தள்ளுபடி செய்ய அவர் சம்மதிக்கிறாரா என்று விலை பேசும்போதே கேளுங்கள்.

பழைய வாடிக்கையாளரை விட வேண்டாம். 2031-32க்குள் கூடுதலாகக் குறைந்தது 80 ஜிகாவாட் நிலக்கரி மின்திறன் என்பது மத்திய அரசின் அறிவிப்பு. கொதிகலன் வேலை இன்னும் சில வருடம் வரத்தான் செய்யும். உங்கள் மாற்றத்துக்கு அந்த வருமானமே முதலீடு. ஆபத்து எதிர்ப்பக்கத்தில் இருக்கிறது. திடீரென்று அங்கிருந்து 180 டன் ஆர்டர் வரும், நீங்கள் டேங்க் வெல்டர்களை அங்கே இழுத்துவிடுவீர்கள், புது வாடிக்கையாளரின் முதல் டேங்க் ஒரு மாதம் தள்ளிப்போகும், அத்தோடு அவர் போய்விடுவார். இப்போதே பட்டறையில் ஒரு பகுதியை ஒதுக்கி, 8 வெல்டர், 4 ஃபிட்டர், ஒரு தர ஆய்வாளரை அங்கே நிரந்தரமாக வையுங்கள். என்ன வந்தாலும் அவர்களைத் தொடக்கூடாது. மூன்று வருடத்தில் எந்த ஒரு வாடிக்கையாளரும் விற்பனையில் 40 சதவீதத்தைத் தாண்டாமல் இருப்பதுதான் இலக்கு.

வங்கியில் கேட்க வேண்டியது 8 கோடி அல்ல. டேங்க் பகுதிக்கு ஒன்றரைக் கோடி டெர்ம் லோன், சிசி லிமிட்டில் ஒன்றரைக் கோடி உயர்வு, பேங்க் கேரண்டிக்கு 50 லட்சம் தனி வரம்பு. 2025 ஏப்ரல் முதல் சிஜிடிஎம்எஸ்இ (குறு, சிறு நிறுவனங்கள் சொத்து ஈடு இல்லாமல் கடன் பெறுவதற்கான திட்டம்) உத்தரவாதம் 10 கோடி வரை உண்டு. கட்டணம் கொஞ்சம் கூடுதலானாலும் இந்தக் கடனை அதன் கீழ் கேளுங்கள். நிலப் பத்திரத்தை இப்போது கொடுத்துவிட்டால், போகி மெஷினுக்குக் கடன் கேட்கப் போகும் நாளில் ஈடு வைக்க உங்களிடம் எதுவும் இருக்காது.